துரத்தப்பட்ட இயக்குநரும் துரத்தப்படாத இசையும்
போருக்குப் பிந்தைய ஜெர்மன் சினிமாவை முன்வைத்துச் சில கேள்விகள்

1

1948இல் ஹாம்பர்க் நகரத்துத் திரையரங்கு ஒன்றில் 'நிழலில் ஒரு திருமணம்' என்ற படத்தின் முதல் காட்சி. யூத மனைவியைக் கைவிட மறுத்து அவளோடு சேர்ந்து செத்துப்போகிற ஒரு ஜெர்மன் நடிகனின் கதை அது. பார்க்க வந்தவர்களில் இயக்குநர் ஃபைட் ஹார்லனும் அவருடைய மனைவி கிறிஸ்டினா சோடர்பாமும் இருந்தார்கள். ஹார்லன் 1940இல் 'யூதன் சூஸ்' படத்தை எடுத்தவர். சோடர்பாம் அதில் கதாநாயகி. நாஜிகளின் யூத வெறுப்புப் படங்களிலேயே அதிகம் பேர் பார்த்தது அதுதான், சுமார் 2 கோடிப் பேர். இருவரையும் அரங்கை விட்டு வெளியே போகச் சொல்லிவிட்டார்கள். போனார்கள். உள்ளே படம் ஓடியது.

வெளியே அனுப்பப்பட்டவரின் படத்துக்கு இசை அமைத்தவர் வோல்ஃப்காங் ட்செல்லர். உள்ளே ஓடிய படத்துக்கு இசை அமைத்தவரும் அதே வோல்ஃப்காங் ட்செல்லர்தான்.

"அடப்பாவி" என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடலாம். அது சுலபம். ட்செல்லர் 1967லேயே செத்துப்போனவர். செத்தவரை இழுத்துவந்து கூண்டில் ஏற்றுவது இந்தக் கட்டுரையின் வேலை இல்லை. நாம் கேட்க வேண்டிய கேள்வி வேறு. ஒரு சமூகம் தன் பாசிசக் காலத்தோடு கணக்குத் தீர்க்க உட்காரும்போது யாரை விசாரிக்கிறது? எதை விசாரிக்காமல் விட்டுவிடுகிறது? சொன்னவனைப் பிடிக்கிறோம். சொன்ன கதையைப் பிடிக்கிறோம். சொன்ன விதத்தை, அந்தக் கதைக்குள் நம்மை உட்கார வைத்த உருவத்தை, யார் பிடிக்கிறார்கள்? எழுதுகிறவர்களும் இயக்கத்தில் இருக்கிறவர்களும் யோசிக்க வேண்டிய விஷயம் இதில் இருக்கிறது.

2

ட்செல்லர் மூன்றாந்தரப் பேர்வழி இல்லை. இதை முதலில் ஒப்புக்கொண்டுவிட வேண்டும். 1893இல் பிறந்தவர். 1920களில் பெர்லின் மக்கள் நாடக மேடைக்கு இசை அமைத்தவர். தொழிலாளர் சந்தாவில் வளர்ந்த அமைப்பு அது. 1926இல் லோட்டெ ரைனிகர் கத்தரிக்கோலால் காகிதத்தை வெட்டி உருவாக்கிய முழுநீள நிழலுருப் படமான 'இளவரசர் அஹ்மதின் சாகசங்கள்', 1929இல் வால்டர் ருட்மனின் 'உலகின் மெல்லிசை', 1932இல் டிரையரின் 'வாம்பயர்' ஆகியவற்றுக்கெல்லாம் இசை அவர்தான். உலக சினிமா பற்றிப் பேசுகிறவர்கள் இன்றைக்கும் மரியாதையோடு குறிப்பிடுகிற படங்கள் இவை. 'நல்ல கலைஞன், கெட்ட அரசியல்' என்று இரண்டாகப் பிரித்துக்கொண்டு தப்பிக்க முடியாது. கெட்ட அரசியலுக்கு அந்த நல்ல கலைதான் தேவைப்பட்டது.

'யூதன் சூஸ்' படத்தில் அவர் இசை என்ன செய்கிறது? படத்தின் தொடக்கத்திலேயே யூத வழிபாட்டுப் பாடலை ஒத்த ஒரு குரல் வருகிறது. கொஞ்ச நேரத்தில் ஜெர்மன் வாத்தியக் குழு அதை மூடிக்கொண்டு எழுகிறது. ஒரு பாத்திரம்கூட வாயைத் திறக்கவில்லை, அதற்குள் காதில் எல்லைக்கோடு விழுந்துவிட்டது. 'நாம்' ஒரு பக்கம், 'அவர்கள்' ஒரு பக்கம். பிறகு கதாநாயகியும் அவளுடைய காதலனும் சேர்ந்து பாடுவதற்கு ஒரு பழைய ஜெர்மன் காதல் பாட்டு. பல நூற்றாண்டுப் பழமை உள்ளது, யாருக்கும் தீங்கு நினைக்காத பாட்டு. அந்தப் பாட்டைப் படம் அவளோடு ஒட்டவைத்துவிடுகிறது. அவள் சீரழிக்கப்படும்போது சீரழிவது ஒரு பெண் மட்டுமில்லை, அந்தப் பாட்டும்தான், அந்தப் பாட்டுக்குச் சொந்தமான மண்ணும்தான் என்கிற உணர்வு பார்ப்பவருக்குள் தானாக வந்துவிடுகிறது. பெண் உடல், நாட்டார் மரபு, தாய்மண் என்று பாசிசம் போடுகிற சமன்பாட்டை வசனத்தில் சொன்னால் பிரச்சாரம் என்று தெரிந்துவிடும். மெல்லிசையில் சொன்னால் தெரியாது.

தொழுகைக்கூடக் காட்சிக்குப் பிராகா நகரத்து யூதர்களையே துணை நடிகர்களாக நிறுத்தினார்கள். தங்களைப் பற்றிய பொய்க்குத் தாங்களே சாட்சி நிற்க வேண்டிய நிலைமை அவர்களுக்கு. 1940 செப்டம்பர் இறுதியில் ஹிம்லர், எஸ்.எஸ். படையினரும் போலீசாரும் படத்தைப் பார்க்க ஏற்பாடு செய்யும்படி உத்தரவு போட்டார். 1963 முதல் 1965 வரை பிராங்க்பர்ட்டில் நடந்த ஆஷ்விட்ஸ் வழக்கில், முகாமில் காவலராக இருந்த ஒருவர் இந்த மாதிரிப் படங்களை அங்கே போட்டுக் காட்டியதையும், அதற்குப் பிறகு கைதிகள் என்ன பாடுபட்டார்கள் என்பதையும் சொன்னார். 'படம்தானே' என்று சொல்ல முடியாது என்பதற்காக இதைக் குறிப்பிடுகிறேன்.

3

இனி 1947க்கு வருவோம். ஜோகிம் காட்ஷால்க் என்று ஒரு பிரபல நடிகர். மனைவி மேட்டா யூதர். அவரை விட்டுவிடச் சொல்லி அரசாங்கம் நெருக்கியது. மறுத்தார். 1941 நவம்பரில் கணவன், மனைவி, எட்டு வயது மகன் மூவரும் வீட்டிலேயே எரிவாயுவைத் திறந்துவிட்டு மடிந்தார்கள். இதை வைத்து ஹான்ஸ் ஷ்வைகார்ட் ஒரு குறுநாவல் எழுதினார். 'அவ்வளவு மோசமாகப் போய்விடாது' என்பது தலைப்பின் பொருள். ஆபத்து வரும்போது நடுத்தர வர்க்கம் தனக்குத்தானே சொல்லிக்கொள்கிற மந்திரம் அதுதான். அந்த வகையில் நல்ல தலைப்பு. ஆனால் ஷ்வைகார்ட்டும் நாஜிக் காலம் முழுக்கப் படம் எடுத்துக்கொண்டிருந்தவர்தான்.

இந்தக் குறுநாவலிலிருந்து திரைக்கதை எழுதிப் படத்தை இயக்கியவர் குர்ட் மேட்சிக். கிழக்கில், சோவியத் பகுதியில் 1946இல் தொடங்கப்பட்ட டேஃபா நிறுவனத்தை உருவாக்கியவர்களில் ஒருவர். கம்யூனிஸ்ட். மேட்சிக்கின் தாயார் யூதர். 1944இல் கெஸ்டபோவின் கையில் சிக்காமல் இருக்கத் தற்கொலை செய்துகொண்டவர். ஆக மேட்சிக்குக்கு இது யாரோ ஒரு நடிகரின் கதை இல்லை, வீட்டில் விழுந்த சாவு. 1947 அக்டோபர் 3 அன்று பெர்லினின் நான்கு ஆக்கிரமிப்புப் பகுதிகளிலும் ஒரே நேரத்தில் படம் வெளியானது. ஒரு கோடிக்கும் மேலானவர்கள் பார்த்தார்கள். பார்த்தவர்கள் அழுதார்கள்.

யாருக்காக அழுதார்கள்? இதைக் கேட்டால் கோபம் வரும், ஆனாலும் கேட்டாக வேண்டும். நிஜக் கதையில் இருந்த எட்டு வயதுப் பையன் படத்தில் இல்லை. குழந்தை இருந்தால் அந்தச் சாவு அத்தனை அழகாக இருக்காது. கணவனும் மனைவியும் நடிகர்கள். ஷில்லரின் நாடகத்தில் நஞ்சருந்திச் சாகிற காதலர்களாக மேடையில் நடித்தவர்கள், கடைசியில் வீட்டிலும் அப்படியே சாகிறார்கள். வரலாறு கொன்றவர்கள் உயர்ந்த துன்பியலுக்குள் எடுத்துக்கொள்ளப்படுகிறார்கள். பார்வையாளர் ஒட்டிக்கொள்வது பெரும்பாலும் கணவனோடுதான். அவன் ஜெர்மானியன், நல்லவன், அரசியல் வேண்டாம் என்று இருந்தவன், கடைசியில் பாவம் செத்துப்போனவன். அரங்கில் உட்கார்ந்திருந்த லட்சக்கணக்கானவர்களுக்கு இதைவிட வசதியான கண்ணாடி கிடைக்குமா?

படத்துக்கு நியாயமும் செய்ய வேண்டும். அரசியலிலிருந்து ஒதுங்கி நின்ற கலைஞர்களும் குற்றத்தில் பங்காளிகள்தான் என்று அது சொல்லத்தான் செய்கிறது. 1947இல் ஜெர்மனியில் இதை அத்தனை வெளிப்படையாகச் சொன்ன படங்கள் குறைவு. கதை அளவில் நேர்மையான படம். சிக்கல் கதையில் இல்லை. கதை 'யோசி' என்கிறது, இசை 'அழு' என்கிறது. சுயவிமர்சனமாக எழுதப்பட்ட ஒரு வரியின் அடியில் வயலின்கள் பொங்கி எழும்போது அந்த வரி மன்னிப்பாக மாறிவிடுகிறது. பழைய உஃபா ஸ்டூடியோவின் மெலோடிராமா முழுசாக உள்ளே வந்து உட்கார்ந்துகொள்கிறது. பிரெக்ட்டுக்குப் படம் பிடிக்கவே இல்லை என்பதைப் பிற்பாடு மேட்சிக்கே சொல்லியிருக்கிறார்.

2 கோடிப் பேரை வெறுக்க வைத்த அதே கைத்திறன் ஒரு கோடிப் பேரை அழவும் வைத்தது. வெறுப்பும் கண்ணீரும் ஒன்றா என்றால் இல்லை. ஆனால் இரண்டிலும் பார்ப்பவரிடம் கேட்கப்பட்டது ஒன்றுதான்: 'நீ ஒன்றும் தீர்மானிக்க வேண்டாம், நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.'

4

இங்கே ஒருவர் எழுந்து கேட்பார்: "அவரு என்னங்க செய்வாரு? மியூசிக் போடறவரு. டைரக்டர் கேட்டாரு, போட்டுக் கொடுத்தாரு. வயலின் வாசிச்சவனையெல்லாம் கோர்ட்டுக்கு இழுப்பீங்களா?"

நியாயமான கேள்வி. அன்றைக்கு யார்தான் சுத்தம்? கருணைக்கொலை என்ற பேரில் ஊனமுற்றவர்களைக் கொல்வதற்கு மனசைப் பழக்கிய 'நான் குற்றஞ்சாட்டுகிறேன்' 1941இல் வந்தது. அதற்கு ஒளிப்பதிவு செய்த ஃபிரிட்ல் பேன்-குருண்ட்தான் 1946இல் 'கொலைகாரர்கள் நம்மிடையே' படத்துக்கும், அடுத்து 'நிழலில் ஒரு திருமணம்' படத்துக்கும் காமிரா பிடித்தார். 'கொலைகாரர்கள் நம்மிடையே' எழுதி இயக்கிய ஸ்டாட்டெவே 'யூதன் சூஸ்' படத்தில் ஒரு சின்ன வேடத்தில் தலைகாட்டியவர். 1948இல் வந்த 'மொரிடூரி' படத்தைத் தயாரித்த ஆர்தர் பிரவ்னர் நாஜிகளிடமிருந்து உயிர் தப்பிய யூதர். அதற்கும் இசை ட்செல்லர்தான். வேலை தெரிந்தவர்கள் அவர்கள்தான் இருந்தார்கள், அவர்களை வைத்துத்தான் எடுக்க வேண்டியிருந்தது. இடிந்த ஊரில் பழைய செங்கல்லைத்தானே பொறுக்கிக் கட்ட முடியும்?

சரி, கட்டலாம். ஆனால் எந்தச் செங்கல் எந்தச் சுவரில் இருந்தது என்பதாவது தெரிந்திருக்க வேண்டாமா?

நீதிமன்றம் என்ன செய்தது பாருங்கள். மூன்றாம் ரைஹ்ஹின் திரைப்பட இயக்குநர்களில் மானுடத்துக்கு எதிரான குற்றத்துக்காகக் கூண்டில் நின்றவர் ஹார்லன் ஒருவர்தான். 1949இல் விடுதலை. படத்துக்கும் கொலைகளுக்கும் காரண காரியத் தொடர்பை நிரூபிக்க முடியவில்லையாம். மேல்முறையீட்டில் அந்தத் தீர்ப்பு ரத்தாகி, 1950இல் மறுபடி விடுதலை. இந்தத் தடவை, கட்டாயத்தின் பேரில்தான் எடுத்தார் என்றார்கள். தீர்ப்புச் சொன்ன நீதிபதி வால்டர் டிரோல்ஃப் நாஜிகளின் சிறப்பு நீதிமன்றத்தில் அரசுத் தரப்பு வழக்கறிஞராக இருந்து மரண தண்டனை கேட்டவர். இந்த லட்சணத்தில் இயக்குநரே தப்பிவிட்டபோது இசையை யார் விசாரிக்கப் போகிறார்கள்?

இசையும் ஒரு காலத்தில் விசாரிக்கப்பட்டது. ஆனால் வேறு ஊரில், வேறு ஆளிடம். அதே 1947 செப்டம்பர் 24 முதல் 26 வரை, பெர்லினில் இந்தப் படம் வெளியாவதற்குச் சரியாக ஒரு வாரத்துக்கு முன்னால், வாஷிங்டனில் அமெரிக்க-விரோத நடவடிக்கைகள் குழுவின் முன் ஹான்ஸ் ஐஸ்லர் நிறுத்தப்பட்டார். ஹிட்லரிடமிருந்து தப்பிப் போன கம்யூனிச இசையமைப்பாளர். இசைத் துறையில் கம்யூனிசத்தின் கார்ல் மார்க்ஸ் இவர்தான் என்று குழுவின் விசாரணை அதிகாரி குற்றம்சாட்ட, அது தனக்குப் பெருமைதான் என்கிற தொனியில் பதில் சொன்னார் ஐஸ்லர். அவர் மெட்டமைத்த பாடல்களின் வரிகளைக் குழுவில் வாசித்துக் காட்டினார்கள். கவனியுங்கள், அங்கேயும் பிடித்துக்கொண்டது வார்த்தைகளைத்தான். 1948 மார்ச்சில் அவர் அமெரிக்காவை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. பாசிசத்தை எதிர்த்துப் பாட்டுப் போட்டவருக்கு விசாரணை. பாசிசத்துக்குப் பாட்டுப் போட்டவருக்கு அடுத்த படம்.

அதே 1947இல்தான் ஐஸ்லரும் அடோர்னோவும் சேர்ந்து எழுதிய, திரைப்பட இசையமைப்பு பற்றிய நூல் நியூயார்க்கில் வெளிவந்தது. அரசியல் வில்லங்கத்துக்குப் பயந்து அடோர்னோ தன் பெயரை எடுத்துக்கொண்டதால் ஐஸ்லர் பெயரில் மட்டும் வந்தது. சினிமா இசையின் கெட்ட பழக்கங்களை அந்த நூல் முதல் அத்தியாயத்திலேயே ஒன்றொன்றாக அடுக்குகிறது. பாத்திரத்துக்கு ஒரு மெட்டு என்று முத்திரை குத்துவது, காதுக்கு இனிமை வேண்டும் என்ற கட்டாயம், திரையில் தெரிவதையே இசையிலும் திரும்பச் சொல்வது. இவற்றில் முக்கியமானது ஒன்று: 'நல்ல திரைப்பட இசை கேட்பவர் கவனத்துக்கு வரக்கூடாது' என்கிற நம்பிக்கை.

நம் கேள்விக்கான விடையின் ஒரு நுனி இங்கே அகப்படுகிறது. கவனத்துக்கு வராத இசை விசாரணைக்கும் வராது. திரைக்கதையை வரிக்கு வரி நிறுத்திக் கேள்வி கேட்கலாம், மறுக்கலாம். பின்னணி இசையோ நம்மைக் கேட்காமலேயே நமக்குள் வேலை பார்த்துவிட்டுப் போய்விடுகிறது. 'வெறும் தொழில்நுட்பம்' என்று நாம் அதற்குக் கொடுத்திருக்கும் பெயர்தான் அதற்குக் கிடைத்த பொது மன்னிப்பு.

5

மேட்சிக் அங்கேயே நின்றுவிடவில்லை. மூன்று வருஷம் கழித்து, 1950இல், 'கடவுளர் சபை' எடுத்தார். ஐ.ஜி. ஃபார்பென் என்ற ரசாயன ஏகபோகம் ஹிட்லரோடு சேர்ந்து லாபம் பார்த்த கதை. திரைக்கதையில் நாடகாசிரியர் ஃபிரீட்ரிஷ் வோல்ஃப். இசை ஐஸ்லர். இரண்டு நல்ல காதலர்களின் சாவிலிருந்து கம்பெனியின் கணக்குப் புத்தகத்துக்குக் கதை நகர்ந்தபோது, அதற்குப் பழைய வயலின் ஒத்துவரவில்லை. எதைச் சொல்கிறோம் என்பது மாறும்போது எப்படிச் சொல்கிறோம் என்பதும் மாறித்தான் ஆக வேண்டும். இதை நாம் மேடையில் நூறு தடவை சொல்லியிருக்கிறோம். மேட்சிக்கின் இந்த இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்த்தால் காதாலேயே புரியும்.

இன்னும் கூர்மையான உதாரணம் 1955இல் பாரிசில் உருவானது. அலேன் ரெனேயின் 'இரவும் மூடுபனியும்'. வர்ணனை எழுதியவர் மவுத்ஹவுசன் முகாமிலிருந்து உயிரோடு திரும்பிய ழான் கேய்ரோல். இசை ஐஸ்லர். திரையில் பிணக் குவியல் வரும்போது இசை பெருகுவதில்லை. சுருங்கிவிடுகிறது. சில இடங்களில் ஒன்றிரண்டு வாத்தியங்கள் மட்டும், கொஞ்சம் அலட்சியமாகக்கூட. முதல்முறை கேட்கிறவருக்கு எரிச்சல் வரும். அந்த எரிச்சல்தான் வேலை செய்கிறது. அழுது முடித்து மனசைக் காலி செய்துகொண்டு வீட்டுக்குப் போக அது நம்மை விடாது. பார்த்ததை வைத்துக்கொண்டு என்ன செய்யப் போகிறாய் என்று நின்றுகொண்டே இருக்கும். 1956இல் மேற்கு ஜெர்மன் அரசின் ஆட்சேபத்தால் கான் விழாப் போட்டியிலிருந்து படம் விலக்கப்பட்டது. கண்ணீர்ப் படத்துக்கு நான்கு பகுதிகளிலும் கதவு திறந்தது, கண்ணீரைத் தர மறுத்த படத்தைத் தூதரகமே வந்து தடுத்தது. இரண்டுக்கும் இடையிலான அரசியல் மாற்றங்கள், பனிப்போர் எல்லாம் உண்டுதான். இருந்தாலும் இந்த வித்தியாசம் தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை.

அந்த வர்ணனையை ஜெர்மனில் மொழிபெயர்த்தவர் பவுல் செலான். அம்மாவை ஜெர்மானியர்களின் முகாமில் பறிகொடுத்து, அந்த அம்மா கற்றுக்கொடுத்த ஜெர்மன் மொழியிலேயே கவிதை எழுத நேர்ந்தவர். கொலைகாரனின் மொழியும் தாய்மொழியும் ஒன்றாக இருக்கும்போது என்ன செய்வது? மொழியை உடைத்து, திக்கவைத்து, சுலபமாகப் பேசவிடாமல் செய்தார். மேட்சிக்கும் தாயைப் பறிகொடுத்தவர்தான். அவருடைய துக்கம் உண்மையானது, அதில் சந்தேகப்பட நமக்கு உரிமை இல்லை. ஆனால் 1947இல் அந்தத் துக்கத்துக்குக் கிடைத்த குரல், கொன்றவர்களின் படத்தில் பாடிப் பழகிய குரல். இது ஒரு தனிமனிதரின் தவறில்லை. பாதிக்கப்பட்டவரின் வலிகூட ஆதிக்கத்தின் இசையில்தான் வெளிவந்தாக வேண்டும் என்ற நிலைமையைத்தான் மேலாண்மை என்கிறோம்.

6

'அப்ப கிழக்கு சரி, மேற்கு தப்பு. ஐஸ்லர் சரி, ட்செல்லர் தப்பு' என்று முடித்துவிடலாமா? முடியாது.

ஐஸ்லரை வரவேற்று, நாட்டுப்பண்ணுக்கு மெட்டும் வாங்கிக்கொண்ட கிழக்கு ஜெர்மனி, 1953இல் அவரை என்ன செய்தது? 'ஜோகான் ஃபவுஸ்டஸ்' என்ற இசை நாடகத்துக்கு அவரே பனுவல் எழுதியிருந்தார். உழவர் போராட்டத்துக்குத் துரோகம் செய்த அறிவுஜீவியாக ஃபவுஸ்டைக் காட்டியது அது. ஜெர்மன் பண்பாட்டை இழிவுபடுத்துகிறார் என்று கட்சிக்காரர்கள் பாய்ந்தார்கள். விவாதம் என்ற பேரில் விசாரணை. அந்த நாடகத்துக்குக் கடைசி வரை அவர் இசை அமைக்கவே இல்லை. வாஷிங்டனில் கேட்ட கேள்வியின் இன்னொரு வடிவத்தை பெர்லினில் தோழர்களே கேட்டார்கள். மேட்சிக்கோ 1954இலும் 1955இலும் தலைவர் தேல்மான் பற்றி இரண்டு பாகப் பிரம்மாண்டப் படம் எடுத்தார். கொடி, கூட்டம், நிமிர்ந்த நெஞ்சு, எழுச்சி இசை. பின்னாளில் அவருக்கே அது சங்கடமாகிவிட்டது. 1965இல் அவருடைய 'முயல் நான்தான்' படத்தை அதே அரசு தடை செய்தது. கொடியின் நிறம் மாறினால் காது தானாக மாறிவிடாது என்பதற்கு இதற்கு மேல் என்ன சான்று வேண்டும்?

மேற்கில் ட்செல்லர் என்ன செய்துகொண்டிருந்தார்? 1959இல் 'செரெங்கெட்டி சாகக்கூடாது'. விலங்கியலாளர் பெர்ன்ஹார்ட் க்ர்ஜிமெக்கும் அவர் மகனும் ஆப்பிரிக்க விலங்குகளைக் காப்பாற்றச் சொல்லி எடுத்த ஆவணப்படம். ஆஸ்கார் பரிசு பெற்றது. இசை ட்செல்லர். விலங்குகளைக் காப்பாற்றச் சொல்வதில் என்ன தப்பு? தப்பில்லை. ஆனால் தேசியப் பூங்காவுக்குள் மனிதர்கள், அந்த மண்ணின் ஆட்கள்கூட, குடியிருக்கக் கூடாது என்பது க்ர்ஜிமெக்கின் கொள்கை. படம் வந்த அதே 1959இல் மாசாய் மக்கள் செரெங்கெட்டியிலிருந்து வெளியேற்றப்பட்டார்கள். வெளியேற்றியது பிரிட்டிஷ் காலனிய நிர்வாகம். இசை வெளியேற்றவில்லை, அப்படிச் சொன்னால் மோசடி. 'யூதன் சூஸ்' படத்தோடு இதைச் சமன்படுத்துவதும் மோசடி. நான் சொல்வது இவ்வளவுதான்: யாரோ ஒருவர் இல்லாமல் இருந்தால்தான் நிலம் தூய்மையாக இருக்கும் என்கிற கற்பனைக்குக் கம்பீரமான வாத்திய இசை எப்போதும் தயாராகக் கிடைக்கிறது. கேட்கிறவர் அந்த 'யாரோ'வைத் தேடுவதில்லை.

7

உருவம் எப்போதும் குற்றவாளி, ஆகவே இனிமையே கூடாது என்று ஒரு சட்டம் போட வரவில்லை. மக்களுக்கு அழ உரிமை உண்டு. இறுக்கமான இசை போட்டுவிட்டால் மட்டும் அது புரட்சிகரம் ஆகிவிடாது. ஐஸ்லர் இனிமையான மெட்டுகளும் போட்டவர்தான்.

நாம் விவாதிக்க வேண்டியது நம் வழக்கத்தைப் பற்றி. ஒரு கதை கையில் கிடைத்தால், ஒரு நாடகத்தைப் பார்த்தால், 'என்ன சொல்லுது? யார் பக்கம் நிக்குது?' என்று கேட்கிறோம். சரியான பக்கம் நின்றால் கைதட்டிவிட்டுப் போய்விடுகிறோம். அது எந்தக் குரலில் பேசுகிறது, அந்தக் குரல் இதற்கு முன் யாருக்கு வேலை செய்தது, கேட்பவரை அது என்னவாக நடத்துகிறது என்று கேட்பதில்லை. ஒடுக்கப்பட்டவரைப் பற்றிய கதையில் ஒடுக்குபவரின் மெல்லிசை ஓடுகிறதா என்று காது கொடுத்துக் கேட்பதில்லை. 'அதெல்லாம் டெக்னிக்' என்று ஒதுக்கிவிடுகிறோம். ட்செல்லருக்கு அடுத்த படம் கிடைத்தது இந்த இடத்தில்தான்.

ஹார்லனை அரங்கை விட்டு அனுப்பியவர்கள் செய்தது சரி. அதைச் செய்யத் துணிச்சல் வேண்டும். அனுப்பிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்தபோது அவர்கள் காதில் விழுந்தது என்ன என்பதையும் சேர்த்து யோசித்திருந்தால், அந்த வேலை இன்னும் கொஞ்சம் முழுமையடைந்திருக்கும்.